தவளமும் ஒட்டகமும்: ஒரு பாலைநிலப் பயணத் திட்டத்தின் பின்னால்

சென்ற மாதம் ஒரு வெள்ளிக்கிழமை, ஜும்ஆத் தொழுகை முடிந்து வீடு திரும்பிய வேளையில், அவுஸ்திரேலியாவின் அடிலெய்ட் நகரில் வாழும் என் மகன் தொலைபேசியில் அழைத்தான். "வாப்பா, அடுத்த ஜூலையில நீங்களும் உம்மாவும் இஞ்ச வாற நேரம் பிள்ளைகளுக்கும் பாடசாலை விடுமுறை. எல்லாரும் சேர்ந்து பாலைவனப் பக்கம் ஒரு பயணம் போவம்" என்றான். பக்கத்தில் இருந்து கேட்டுக்கொண்டிருந்த என் மனைவி, "ஏன் மகன், தண்ணியில்லாத ஊருக்குக் காசு குடுத்து ஆராவது போவாங்களா?" என்று கேட்டார்.

நியாயமான கேள்விதான். நாங்கள் இறக்காமத்துக்காரர்கள். அம்பாறை நகருக்கும் கிழக்குக் கரையோர முஸ்லிம் ஊர்களுக்கும் இடையில், குளத்தை நம்பி நெல் விளைவிக்கும் ஊர் எங்களுடையது. கல்லோயா என இன்று அறியப்படும் பட்டிப்பளை ஆற்றின் குறுக்கே இங்கினியாகலையில் அணை கட்டும் பணி 1949இல் ஆரம்பமானது முதல், இப்பகுதியின் அரசியலே நீரை மையமாகக் கொண்டு சுழன்று வந்திருக்கிறது. வாய்க்காலில் ஒரு தவணை நீர் தவறினாலும் வட்டவிதானையின் வாசலில் ஆட்கள் கூடிவிடுவார்கள். அவ்வாறான ஊரில் பிறந்த ஒருவர், நீரற்ற நிலத்தைப் பார்ப்பதற்கென்றே ஓர் உல்லாசப் பயணமா என வியப்பதில் தவறில்லை.

ஆயினும் அவருடைய கேள்வி என்னை வேறொரு திசையில் சிந்திக்கத் தூண்டியது. பத்திரிகைத் தொழிலில் நெடுங்காலம் இருந்தவனுக்கு ஒரு பழக்கம் உண்டு. ஓர் ஊருக்குப் போவதற்கு முன்னர் அவ்வூரின் கதையைப் படித்துவிட வேண்டும். அவ்வாறு படித்தவற்றையே இங்கு பதிவு செய்கிறேன்.

திட்டத்தில் தொடக்கத்திலேயே மூன்று கட்சிகள் உருவாகிவிட்டன. மருமகளின் விருப்பம் விமானத்தில் பறந்து உளுறு செம்பாறையைப் பார்த்துவிட்டு மூன்றே நாளில் திரும்புவது. மகனின் விருப்பம் போர்ட் ஒகஸ்டாவிலிருந்து டார்வின் வரை ஏறத்தாழ 2,700 கிலோமீற்றர் நீளும் ஸ்டுவேர்ட் நெடுஞ்சாலையில் வாகனம் ஓட்டுவது. அடிலெய்டுக்கு வடக்கே ஏறத்தாழ 685 கிலோமீற்றர் தொலைவில், வரைபடத்தில் தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டிய மாரீ என்ற சிற்றூருக்குப் போக வேண்டும் என்றேன் நான். "அங்க என்ன வாப்பா இரிக்கி?" என்று மகன் கேட்டான். "மையவாடி இருக்கிறது" என்றேன். தொலைபேசியின் மறுமுனை சற்று நேரம் பேசவில்லை.

நீர் வரைந்த பாதை

அவுஸ்திரேலியர் 'அவுட்பேக்' என அழைக்கும் உள்நாட்டு வறள்நிலத்தின் பரப்பு நமக்கு எளிதில் மனத்தில் பதிவதில்லை. தென் அவுஸ்திரேலியா என்ற ஒரு மாநிலம் மாத்திரமே இலங்கையைப் போல ஏறத்தாழ 15 மடங்கு பெரியது. அதன் மக்களில் பெரும்பாலோர் அடிலெய்ட் நகரிலும் தெற்குக் கரையோரத்திலும் வாழ்கின்றனர். வடக்கே போகப் போக மழை குறையும், பயிர் மறையும், பின்னர் புல்லும் மறையும்.

இந்த மறைவுக்கு ஓர் எல்லைக்கோடு உண்டு. 1865இல், கடும் வறட்சியொன்றின் பின்னர், நில அளவையாளர் நாயகமாக இருந்த ஜோர்ஜ் கொய்டர் குதிரையேறிச் சென்று, பயிர்கள் எங்கு கருகியிருக்கின்றன, எங்கு பிழைத்திருக்கின்றன எனப் பார்த்து ஒரு கோட்டை வரைந்தார். இக்கோட்டுக்கு வடக்கே உழவு செய்யாதீர்கள் என்பதே அதன் பொருள். அடுத்து வந்த சில ஆண்டுகளில் நல்ல மழை பெய்தது. கலப்பை போகும் இடமெல்லாம் மழை பின்தொடரும் என்று ஒரு நம்பிக்கை பரவியது. மக்கள் கோட்டைத் தாண்டிச் சென்று கோதுமை விதைத்தனர். மாவு எனப் பொருள்படும் 'ஃபரினா' என்ற பெயரில் ஓர் ஊரையே எழுப்பினர். 1880களின் வறட்சி அந்த நம்பிக்கையை முறித்தது. மாரீக்குச் செல்லும் வழியில் ஃபரினா இன்று இடிந்த கற்சுவர்களாக நிற்கிறது. மானாவாரியில் விதைத்துவிட்டு வானத்தைப் பார்த்திருந்த அனுபவம் உள்ள எந்த விவசாயிக்கும் அந்தச் சுவர்களின் கதையை விளக்கத் தேவையில்லை.

ஆனால் வறள்நிலத்திலும் நீர் இருந்தது. பூமியின் ஆழத்திலிருந்து தாமாகவே பொங்கும் ஊற்றுகள், மாரீயிலிருந்து வடமேற்காக ஒரு மாலைபோல் அமைந்துள்ளன. அவை எங்கெங்கு உள்ளன என்பதை அரபானா முதலிய முதற்குடி மக்கள் எண்ணற்ற தலைமுறைகளாக அறிந்திருந்தார்கள். ஊற்றிலிருந்து ஊற்றுக்கு நடந்தே பண்டமாற்றும் செய்தார்கள். 1859 முதல் 1862 வரை ஜோன் மக்டோவல் ஸ்டுவேர்ட் என்ற பயணி கண்டத்தின் நடுவே வடக்கு நோக்கிச் செல்ல முயன்று இறுதியில் வென்றதும் அந்த ஊற்று வழியாகவே. 1870இல் ஆரம்பித்து 1872இல் நிறைவு பெற்ற, போர்ட் ஒகஸ்டாவையும் டார்வினையும் இணைத்த ஏறத்தாழ 3,200 கிலோமீற்றர் நீளத் தந்திக் கம்பியும் அவ்வழியைத்தான் தழுவியது. நீராவி எஞ்சினுக்கு நீர் வேண்டும் என்பதால் பின்னர் வந்த புகையிரதப் பாதையும் அதையே பின்பற்றியது. இன்று உல்லாசப் பயணிகள் நான்குசில்லு இழுவை வாகனங்களில் செல்லும் ஊட்னடாட்டா மண்பாதையும் அதே வழிதான். பாலைநிலத்தில் பாதையை நீரே வரைகிறது. ஆனால் நெடுஞ்சாலை ஸ்டுவேர்ட்டின் பெயரைத் தாங்கி நிற்கிறது. ஊற்றைக் காட்டியவர்களின் பெயர் எந்தப் பலகையிலும் பெரிய எழுத்தில் இல்லை.

பொதி சுமந்தவர்கள்

தந்திக்கம்பமும் தண்டவாளமும் மாவும் கருவிகளும் அந்த நிலத்துக்குள் எப்படிச் சென்றன? குதிரையும் எருதும் நீரின்றித் துவண்டன. 1860இல், பேர்க் – வில்ஸ் ஆய்வுப் பயணத்துக்காக இந்தியாவிலிருந்து 24 ஒட்டகங்கள் மெல்போர்ன் துறைமுகத்தில் வந்திறங்கின. அவற்றோடு தோஸ்த் மஹ்மூத் உள்ளிட்ட சிலர் ஒட்டகப் பாகர்களாக வந்தனர். அப்பயணத்தின் தலைவர்கள் இருவரும் 1861இல் கூப்பர் ஓடைக் கரையில் உணவின்றி இறந்தனர். அவர்களோடிருந்த ஜோன் கிங் என்பவரை யந்ருவந்தா மக்கள் உணவளித்துக் காப்பாற்றினார்கள். 1866 முதல் தோமஸ் எல்டர் என்ற செல்வர் நூற்றுக்கு மேற்பட்ட ஒட்டகங்களையும் அவற்றைப் பராமரிப்போரையும் தருவித்துப் பெருமளவில் போக்குவரத்துத் தொழிலைத் தொடங்கினார். 1870க்கும் 1920க்கும் இடைப்பட்ட அரை நூற்றாண்டில் 20,000 வரையான ஒட்டகங்களும், குறைந்தது 2,000 பாகர்களும் அங்கு வந்ததாக மதிப்பிடப்படுகிறது.

அவர்கள் அனைவரையும் 'ஆப்கானியர்' என்று அழைத்தார்கள். உண்மையில் அவர்களுள் பத்தான்களும் பலூச்சிகளும் பஞ்சாபிகளும் சிந்திகளும் இருந்தனர். மொழி வேறு, மண் வேறு. பெயர் மட்டும் ஒன்று. இதைப் படித்தபோது எனக்குச் சிரிப்பு வந்தது. வட ஆபிரிக்க முஸ்லிம்களைச் சுட்டிய 'மூர்' என்ற பெயரைப் போர்த்துக்கேயர் இங்கு கொண்டுவந்து நம்மீது ஒட்டினார்கள் அல்லவா? தமிழைத் தாய்மொழியாகக் கொண்ட நாம் அரசாங்கப் பதிவுகளில் இன்றுவரை 'இலங்கைச் சோனகர்'. பிறர் இட்ட பெயரைச் சுமப்பது எப்படி என்று நமக்குத் தெரியும்.

1873இல் வில்லியம் கொஸ் என்ற அளவையாளர் உளுறுவைக் கண்டு அதற்கு 'அயர்ஸ் பாறை' எனப் பெயரிட்டார். அவரோடு அந்தப் பாறையில் ஏறியவர் கம்ரான் என்ற பாகர். கொஸ் ஒரு கிணற்றுக்குக் கம்ரானின் பெயரைச் சூட்டியமையால் அவர் பெயர் பிழைத்திருக்கிறது. 1875இல் ஏர்னஸ்ட் கைல்ஸ் மேற்கு நோக்கிக் கண்டத்தைக் கடந்தபோது உடன் சென்றவர் ஸாலிஹ். 1896ஆம் ஆண்டுக் கல்வேர்ட் ஆய்வுப் பயணத்தில் பங்கேற்ற பலூச்சியரான பெஜா தர்வேஷ், பின்னர் மாரீயிலேயே வாழ்ந்து 1957இல் மறைந்தார். அவர் மகன் ஜக் பெஜா 1939இல் சிம்ப்சன் பாலைவனத்தைக் கடந்த மடிகன் குழுவில் ஒட்டகம் நடத்தினார். பெயர் கிடைக்கும் அதிர்ஷ்டம் வாய்த்தவர்கள் இத்தகைய சிலரே.

1884இல் புகையிரதம் வந்து சேர்ந்த மாரீ, ஒட்டகப் போக்குவரத்தின் தலைவாசலாக வளர்ந்தது. அங்கு பாகர்கள் மண்ணாலும் மரத்தாலும் கூரைப்புல்லாலும் சிறு பள்ளிவாசல் ஒன்றைக் கட்டிக்கொண்டார்கள். அவுஸ்திரேலியாவின் முதல் பள்ளிவாசல் அதுவெனக் கூறுவர். பேரீச்சை நட்டார்கள். ஆனால் தண்டவாளம் ஊரை இரண்டாகப் பிரித்தது. ஒரு பக்கம் வெள்ளையர். மறுபக்கம் ஆப்கானியரும் முதற்குடி மக்களும். மையவாடியிலும் இதே பிரிவினை தொடர்ந்தது. மகன் தொழச் செல்லும் அடிலெய்ட் லிட்டில் கில்பேர்ட் வீதிப் பள்ளிவாசல் 1888 – 1889இல் அம்மக்களின் பணத்தால் எழுந்தது என்பதை அவனுக்கு நான்தான் சொல்ல வேண்டியிருந்தது. அதன் நான்கு மினாராக்கள் 1903இல் சேர்க்கப்பட்டவை.

மனைவியின் கேள்விக்கு இவ்வரலாற்றில் கசப்பான ஒரு பதிலும் உண்டு. 1894இல் மேற்கு அவுஸ்திரேலியப் பொன்வயல் பகுதியில், நீர்நிலையொன்றில் ஆப்கானியர் கால் கழுவியதையிட்டு எழுந்த தகராறில் துப்பாக்கிச் சூடு நடந்தது. தொழுகைக்காக வுழூச் செய்வது அவர்களுக்குக் கடமை. குடிநீரை அசுத்தப்படுத்துவதாக மற்றவர்களுக்குக் கோபம். சுட்டவரை நீதிமன்றம் விடுவித்தது. மறுபுறம், ஒட்டகக் கூட்டங்கள் முதற்குடி மக்களின் சிறு ஊற்றுகளைக் குடித்து வற்றச் செய்தன என்பதையும் மறைக்கக் கூடாது. நீர் குறைந்த இடத்தில் ஒருவனுடைய தேவை மற்றவனுக்கு அநீதியாகிவிடுகிறது.

நமக்கு இனிக்கும் பக்கங்களை மாத்திரம் வரலாறு என எழுதுவது பத்திரிகையாளனுக்கு அழகன்று. 1915 ஜனவரி முதலாந் திகதி, புரோக்கன் ஹில் என்ற சுரங்க நகரில், புத்தாண்டு உல்லாசப் பயணம் சென்ற குடும்பங்களை ஏற்றிய புகையிரதத்தின் மீது இருவர் சுட்டனர். துருக்கிக் கொடியை ஏற்றிக்கொண்டு வந்த அவ்விருவரும் முன்னாள் பாகர்கள். அப்பாவிகள் நால்வர் இறந்தனர், சுட்டவர்களும் இறந்தனர். அவர்களுள் ஒருவர், அனுமதியற்ற இடத்தில் அறுத்ததற்காகத் தண்டம் விதிக்கப்பட்ட ஹலால் இறைச்சிக்காரர். மனக்குறை எதுவாயினும் அது கொலைக்கு நியாயமாகாது. அச்சம்பவம் அங்கு வாழ்ந்த ஏனைய பாகர்களின் வாழ்வை மேலும் கடினமாக்கியது என்பதே மிச்சம்.

வேலை முடிந்ததும்

1901இல் குடிவரவுக் கட்டுப்பாட்டுச் சட்டம் வந்தது. ஐரோப்பிய மொழி ஏதேனும் ஒன்றில் 50 சொற்களைச் சொல்லக் கேட்டு எழுத வேண்டும் என்ற பரீட்சை ஆசியரை வெளியே நிறுத்தும் வாயிற்கதவாகியது. 1903ஆம் ஆண்டுச் சட்டம் ஆசியருக்குக் குடியுரிமை பெறும் வழியையும் அடைத்தது. பிரித்தானிய மன்னரின் குடிகளாக இந்தியாவிலிருந்து வந்தவர்களுக்கும் விலக்கில்லை. ஊருக்குப் போனவர் திரும்பி வர அனுமதி கேட்டு நிற்க வேண்டும். மனைவி மக்களை அழைத்துவர வழியில்லை. சிலர் முதற்குடிப் பெண்களையும் ஐரோப்பியப் பெண்களையும் மணந்து அங்கேயே குடும்பமாயினர். பலர் தனியர்களாகவே முதுமையடைந்தனர்.

1929இல் புகையிரதம் அலிஸ் ஸ்பிரிங்ஸ் நகரை அடைந்தது. அந்தத் தண்டவாளத்துக்கான பொருட்களைச் சுமந்ததும் ஒட்டகங்களே. தம் தொழிலை முடித்துவைக்கும் பாதைக்குத் தாமே பொதி சுமந்தார்கள். புகையிரதத்துக்கு 'கான்' என்ற பெயர் நிலைத்தது. ஆப்கான் என்பதன் சுருக்கமே அது எனப் பொதுவாகக் கொள்ளப்படுகிறது. அதற்கு முன்னரே, 1925இல், உரிமைத் தகடு இல்லாத ஒட்டகங்களைச் சுட்டுக் கொல்ல அனுமதிக்கும் சட்டத்தைத் தென் அவுஸ்திரேலியா இயற்றியிருந்தது. பாகர்கள் பலர் தம் ஒட்டகங்களைக் கொல்ல மனமின்றிப் பாலைக்குள் அவிழ்த்துவிட்டார்கள். அவற்றின் சந்ததிகள் பெருகி நிலத்துக்குச் சுமையாகவே, 2009 முதல் 2013 வரை அரசாங்கத் திட்டமொன்றின் கீழ் ஏறத்தாழ 160,000 ஒட்டகங்கள் அகற்றப்பட்டன.

எழுத்துப் பரீட்சை 1958இல் ஒழிந்தது. வெள்ளை அவுஸ்திரேலியக் கொள்கை 1973இல் முற்றாகக் கைவிடப்பட்டது. அந்தக் கதவு திறந்தமையாலேயே என் மகன் இன்று அங்கு தொழில் செய்கிறான்.

தவளத்துப் பிள்ளைகள்

இவற்றைப் படிக்கும்போதெல்லாம் எனக்குள் ஒரு சொல் ஒலித்துக்கொண்டிருந்தது: தவளம். கழுத்தில் மணி கட்டிய பொதிமாடுகளின் வரிசைக்கு அதுவே பெயர். கிழக்குக் கரையிலிருந்து உப்பும் கருவாடும் துணியும் ஏற்றிக்கொண்டு காடுகளையும் மலைகளையும் கடந்து கண்டி இராச்சியத்துக்குள் செல்வார்கள். பாக்கும் மிளகும் ஏற்றித் திரும்புவார்கள். இவ்வணிகத்தில் முஸ்லிம்கள் முன்னின்றார்கள். 1626இல் போர்த்துக்கேயர் தம் ஆட்சிப் பகுதிகளிலிருந்து முஸ்லிம்களை வெளியேற்றியபோது, கண்டி மன்னன் செனரத் அவர்களுள் ஏறத்தாழ 4,000 பேரை மட்டக்களப்புப் பகுதியில் குடியேற்றினான் என வரலாற்று நூல்கள் கூறும். கரைக்கும் மலைக்கும் இடையிலான பாதையை அறிந்தவர்கள் அரசனுக்குத் தேவைப்பட்டார்கள்.

பின்னர் பிரித்தானியர் வண்டிப் பாதைகளை அமைத்தனர். மாட்டுவண்டி வந்தது, புகையிரதம் வந்தது, லொறி வந்தது. தவளம் மறைந்தது. என் மூத்தவாப்பாவின் வாப்பா தவளம் நடத்தியவர் என எங்கள் வீட்டில் ஒரு பேச்சு உண்டு. பேச்சு மட்டுமே உண்டு. எந்த வழியாகச் சென்றார், எத்தனை மாடுகள், எந்த ஆற்றங்கரையில் இரவு தங்கினார் என்பதற்கு ஒரு துண்டுக் காகிதமும் இல்லை. மூத்தவாப்பா உயிரோடிருந்த காலத்தில், உலகச் செய்திகளை எழுதிக்கொண்டிருந்த நான் அவரிடம் ஒரு நாளும் அதைக் கேட்கவில்லை.

மாரீக்குப் போக வேண்டும் என நான் பிடிவாதம் பிடித்ததன் காரணம் இதுதான். என் பேரப்பிள்ளைகள் அந்நாட்டில் வளர்கிறார்கள். 'நீங்கள் நேற்று வந்தவர்கள்தானே' என்று என்றாவது ஒரு நாள் அவர்களிடம் யாரேனும் சொல்லக்கூடும். அப்போது அவர்கள் கோபப்படவும் வேண்டாம், குனியவும் வேண்டாம். தம்மைப்போல் தொழுதவர்கள் 160 ஆண்டுகளுக்கு முன்னரே அந்நிலத்துக்குள் பொதி சுமந்தார்கள் என்பதையும், அதற்கும் முன்னே எண்ணற்ற காலமாக அந்நிலத்தின் நீரை அறிந்தவர்கள் அங்கு இருந்தார்கள் என்பதையும் ஒருசேர அறிந்திருந்தால் போதும். முதலாவது அவர்களுக்குத் துணிவைத் தரும்; இரண்டாவது அடக்கத்தைத் தரும்.

முடிவான திட்டம்

மூன்று வாரப் பேச்சுவார்த்தைக்குப் பின்னர் திட்டம் முடிவாகியுள்ளது. அங்கு ஜூலை குளிர்காலம்; பகலில் இதமான வெயில், இரவில் கடுங்குளிர். கோடையில் வெப்பம் 45 பாகையையும் தொடும் என்பதால் அக்காலத்தில் குழந்தைகளோடு அங்கு போகலாகாது. முதலில் மாரீ. பின்னர் ஊட்னடாட்டா மண்பாதையில், கடல் மட்டத்துக்கும் ஏறத்தாழ 15 மீற்றர் தாழ்ந்து கிடக்கும் கட்டி தண்டா – அயர் உப்பு ஏரியின் ஓரமாக வில்லியம் கிரீக் வரை. அங்கிருந்து 166 கிலோமீற்றர் மேற்கே, 1915இல் ஒப்பல் கல் கண்டெடுக்கப்பட்ட கூபர் பெடி. வெப்பத்துக்கு அஞ்சி மக்கள் நிலத்தைக் குடைந்து வாழும் ஊர். இறுதியாக மருமகளின் உளுறு. 1985இல் அப்பாறை அனங்கு மக்களிடம் திரும்ப ஒப்படைக்கப்பட்டது. அவர்களின் நெடுநாள் வேண்டுகோளின்படி 2019 ஒக்டோபர் முதல் அதன்மீது ஏறுவது தடைசெய்யப்பட்டுள்ளது. கீழே நின்று பார்ப்போம்.

மகனுக்கு நான் அனுப்பிய குறிப்பில் ஒரு செய்தியை மட்டும் அடிக்கோடிட்டேன். 1963 டிசம்பரில், மாரீயிலிருந்து பேர்ட்ஸ்வில் பாதையில் காரில் சென்ற ஒரு குடும்பம் வழியில் நின்றுபோனது. பெற்றோரும் பிள்ளைகளுமாக ஐவர். காரை விட்டு நடந்தார்கள். ஐவரும் தாகத்தால் மாண்டார்கள். வாகனம் நின்றால் அதை விட்டு நகரக் கூடாது என்பது அன்றிலிருந்து அங்கு பயணிகளுக்கு ஓதப்படும் முதற்பாடம். தேடி வருவோருக்கு வாகனம் தெரியும்; மனிதன் தெரியமாட்டான்.

மகன் கணக்குப் போட்டான். ஆளுக்கு நாளொன்றுக்கு 5 லீற்றர். நாங்கள் ஆறு பேர். மண்பாதையில் இரண்டு நாள், ஆபத்துக்கென மேலும் இரண்டு நாள். ஆக 120 லீற்றர் நீர். மேலதிக ரயர் இரண்டு, செய்மதித் தொலைபேசி ஒன்று. மழை பெய்தால் பாதையை மூடிவிடுவார்கள். மூடிய பாதையில் ஓட்டினால் பெருந்தண்டம். அவ்வாறு நேர்ந்தால் மாரீயில் காத்திருப்பது என்று தீர்மானம்.

எல்லாவற்றையும் கேட்டிருந்த மனைவி, "அந்த மையவாடியில கிடக்கிறவங்களுக்கு யாசீன் ஓத ஆரும் இருக்காங்களா?" என்று கேட்டார். சந்ததியினர் சிலர் இன்னும் இருக்கிறார்கள், பலர் வேறு நகரங்களுக்குப் போய்விட்டார்கள் என்றேன். "அப்ப போவம்" என்றார்.

நேற்று இரவு பேத்தி பேசினாள். பாடசாலையில் குடும்ப மரம் வரையச் சொல்லியிருக்கிறார்களாம். "மூத்தவாப்பா, மாடு கொண்டு போனவர்ர பேர் என்ன?" என்று கேட்டாள். எனக்குத் தெரியவில்லை. ஊரில் இன்னும் இரண்டொரு முதியவர்கள் இருக்கிறார்கள். நாளை அஸருக்குப் பிறகு ஒரு கொப்பியும் பேனையும் எடுத்துக்கொண்டு அவர்கள் வீடுகளுக்குச் செல்லவிருக்கிறேன்.

வாசகர்களே, உங்கள் வீட்டிலும் ஒரு முதியவர் இருப்பார். நீங்கள் எந்த நாட்டில் இருந்தாலும் இன்றே அவரை அழைத்துக் கேளுங்கள். கேட்டதை எழுதி வையுங்கள். நான் கேட்கத் தவறிய காலம் திரும்பி வராது.